பறக்காத கிளி

கிளி என்றதும் நம் மனக்கண்ணில் தோன்றுவது பச்சை உடலும் சிவந்து வளைந்த அலகும் கொண்டு, கூட்டமாய்க் கீச்சிட்டபடி வயலுக்கு மேலாகப் பறந்து செல்லும் பறவையே. தத்தை என்றும் கிள்ளை என்றும் நம் புலவர்கள் அழைத்ததும் அதனையே. ஆயின் நாம் வந்து குடியேறியிருக்கும் இந்த நியூசிலாந்து நாட்டிலே பறக்க மாட்டாத கிளி ஒன்று உண்டு. பகலில் உறங்கி இரவில் நடந்து திரியும் அதன் பெயர் காக்காப்போ. இப்பெயரைக் கேட்டதும் நம் மாணவர்கள் காக்கையை நினைத்துச் சிரிப்பர். மாவோரி மொழியிலே 'காக்கா' என்பது கிளியையும் 'போ' என்பது இரவையும் குறிக்கும். தமிழில் இராக்கிளி எனலாம்.

உலகிலுள்ள கிளிகள் யாவற்றிலும் எடை மிகுந்தது இதுவே. நன்கு வளர்ந்த ஆண் 4 கிலோகிராம் வரை நிறை கொள்ளும். பெண் சற்றுச் சிறியது. பாசி படர்ந்தாற்போன்ற பச்சை நிறம். ஆந்தையை ஒத்த முகம். உடலிலே இனிய மணமொன்று எப்போதும் வீசும். சிறகுகள் உண்டு. ஆனால் பறக்கும் பறவைகளின் நெஞ்செலும்பில், பெருந்தசைகள் பற்றிக்கொள்வதற்கென வள்ளத்தின் அடிமரம்போல முன்தள்ளி நிற்கும் பகுதி இதற்கு மிகவும் சிறுத்துவிட்டது. எனினும் அலகாலும் நகங்களாலும் பற்றி உயர்ந்த மரங்களில் ஏறும். இறங்குகையில் சிறகை விரித்துச் சரிந்து வந்து சேரும்.

"பறக்கத் தெரியாவிட்டால் அது மடப்பறவைதானே, சேர்?" என்று வகுப்பிலே கேட்பவர் உளர். இக்கேள்விக்கு விடை கூறவே இக்கட்டுரையை எழுதப் புகுந்தோம்.

நியூசிலாந்துத் தீவுகள் பிற நிலங்களினின்றும் பிரிந்து பல கோடி ஆண்டுகள் தனித்துக் கிடந்தவை. மனிதர் வருமுன் இங்கு வாழ்ந்த தரைப் பாலூட்டிகள் வௌவால்கள் மாத்திரமே. தரையிலே பகையில்லை, பகை முழுவதும் வானிலிருந்தே வந்தது. ஹாஸ்ட் கழுகு என்னும் மாபெரும் கழுகு இங்கிருந்தது. அது பகலிலே, கண்ணாற் கண்டு வேட்டையாடுவது. அதற்குத் தப்புவது எங்ஙனம்? இரவில் வெளிவருதல், காட்டின் நிறத்தையே பூணுதல், ஆபத்து நேர்ந்தால் அசையாது சிலைபோல் நிற்றல். காக்காப்போ இம்மூன்றையும் செய்தது. இதனை மடமை என்போமா?

ஏறத்தாழ 700 ஆண்டுகளுக்கு முன்னர் மாவோரி மக்களுடன் நாயும் எலியும் வந்தன. பின்னர் ஐரோப்பியருடன் பூனைகளும் வேறு எலிகளும் முயல்களும் வந்தன. முயல்கள் அளவின்றிப் பெருகவே, அவற்றை ஒழிப்பதற்கென 1880களில் கீரியை ஒத்த ஸ்ரோட் என்னும் ஊனுண்ணி கொண்டுவரப்பட்டது. இப்புதிய பகைவர்கள் இரவிலே, மோப்பத்தால் வேட்டையாடுபவை. மணம் வீசும் பறவை அவற்றின்முன் அசையாது நின்றது. கழுகிடமிருந்து காத்த அதே பழக்கம் பூனையின் வாயிலே கொண்டுசேர்த்தது.

அந்நாளிலேயே இவ்வழிவை உணர்ந்தவர் றிச்சட் ஹென்றி என்பவர். 1894இல் றெசொலூசன் தீவின் காப்பாளராக நியமனம் பெற்ற அவர், பெருநிலத்திலிருந்து காக்காப்போக்களையும் கிவிகளையும் பிடித்து, படகிலேற்றி அத்தீவிலே விட்டார். சில ஆண்டுகளில் 500க்கும் மேற்பட்ட பறவைகளை இவ்வாறு கொண்டுசேர்த்தார். 1900ஆம் ஆண்டளவில் ஸ்ரோட் கடலை நீந்தி அத்தீவையும் அடைந்துவிட்டது. அவர் உழைப்பனைத்தும் வீணாயிற்று.

1970களின் நடுப்பகுதியில் அறியப்பட்டிருந்த காக்காப்போக்கள் இருபதுக்கும் குறைவு, அவையாவும் ஆண்கள். இனம் முடிந்தது என்றே பலரும் எண்ணினர். 1977இல், தெற்கேயுள்ள ஸ்ருவேட் தீவில் பெண் பறவைகளும் உள்ள கூட்டமொன்று கண்டுபிடிக்கப்பட்டது. ஆனால் அங்கும் காடேறிய பூனைகள் அவற்றைக் கொன்றுவந்தன. ஆகவே 1980களில் தொடங்கி அவற்றை ஒவ்வொன்றாகப் பிடித்து, பூனையற்ற சிறு தீவுகளுக்கு மாற்றினர். அவற்றுள் முதன்மையானது கொட்பிஷ் தீவு. பிறந்த மண்ணை விட்டு அகன்றாலன்றி உயிர் தங்காது என்னும் நிலை ஒரு பறவைக்கும் வந்ததை வாசித்தபோது, நூலை மூடிவைத்துச் சற்று நேரம் இருந்தோம்.

இடம் மாறினால் மட்டும் இனம் பெருகிவிடாது. காக்காப்போ ஆண்டுதோறும் முட்டையிடுவதில்லை. றிமு மரங்கள் மிகுதியாய்க் காய்க்கும் பருவத்தில், இரண்டு முதல் நான்கு ஆண்டுகளுக்கொருமுறையே இனப்பெருக்கம் நிகழும். அக்காலத்தில் ஆண் பறவை மேட்டு நிலத்திலே கிண்ணம்போன்ற குழியொன்றைத் தோண்டி, அதில் அமர்ந்து நெஞ்சைக் காற்றால் ஊதிப்பெருக்கி 'பூம், பூம்' என முழங்கும். தவில் தொலைவில் ஒலிப்பதுபோன்ற அம்முழக்கம் 5 கிலோமீற்றர் வரை கேட்குமாம். பல மணி நேரம், இரவுக்கிரவு, இரண்டு மூன்று மாதங்கள் இது நீடிக்கும். பெண் பறவை நடந்தே தேடிவரும். பின்னர் தன்னந்தனியே தரையில் கூடமைத்து, அடைகாத்து, குஞ்சை வளர்ப்பதெல்லாம் தாயே. இரவிலே அவள் இரைதேடச் செல்லும் வேளையில் கூட்டுக்குக் காவலில்லை. இதனாலேயே எலிகூட இதற்குக் கொடிய பகை.

பறவைகள் அடிக்கடி முட்டையிடட்டும் என்று மேலதிக உணவு கொடுத்தார்கள். அப்போது எதிர்பாராத ஒன்று புலனாயிற்று: நன்கு கொழுத்த தாய்களுக்கு ஆண் குஞ்சுகளே மிகுதியாய்ப் பிறந்தன. பெண் பறவைகளே தேவைப்பட்ட காலத்தில் இது பெருஞ்சிக்கல். ஊட்டும் முறையை மாற்றினர். 2002இல் 24 குஞ்சுகள் பிழைத்தன. 1995இல் 51ஆக இருந்த தொகை 2022இல் 252ஆக உயர்ந்தது. 2019இல் பூஞ்சண நோயால் ஒன்பது பறவைகள் மாண்டன என்பதையும் கூறவேண்டும்.

ஒவ்வொரு பறவைக்கும் பெயருண்டு. வானொலிச் சமிக்ஞை அனுப்பும் சிறு கருவியும் உண்டு. 1975இல் பெருநிலத்தின் பியோட்லாந்துப் பகுதியிற் பிடிக்கப்பட்ட முதிய ஆணுக்கு றிச்சட் ஹென்றி என்றே பெயரிட்டனர். அப்பகுதியிலிருந்து வந்து சந்ததி விட்டது அப்பறவை ஒன்றே. 2010இல் அது இறந்தது. அதன் வழித்தோன்றல்கள் இன்றும் உள.

ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளின் பின், 2023இல், நான்கு ஆண் காக்காப்போக்கள் பெருநிலத்திற்குத் திரும்பின. வடதீவிலே மவுங்கற்றவுற்றரி மலையைச் சுற்றி, எலியும் புக முடியாத உயர்வேலி அமைத்து அங்கே விட்டனர். பகை உள்ளே வராதபடி கட்டிய அவ்வேலியைக் கடந்து கிளி வெளியே போய்விட்டது! சமிக்ஞைக் கருவியின் உதவியால் தேடிப் பிடித்து மீட்டனர்.