வரப்பில் நின்று எடுத்த வீடியோ வயலைக் காட்டாது

நவரை நெல் கதிர் வாங்கும் சமயம். வயலின் நடுவே ஓரிடம் வட்டமாகப் பழுத்துக் காய்கிறது. விவசாயி வரப்பில் நின்றபடியே செல்போனில் வீடியோ எடுத்து, வேளாண்மை அலுவலருக்கு அனுப்புகிறார். அதில் பாதி வானம், பாதி வயல். படம் ஆடுகிறது. காற்றின் இரைச்சலில் பேச்சு விளங்கவில்லை. பயிர் காய்ந்தது தண்ணீர்க் குறைவாலா, நோயாலா, புகையானாலா என்று அதைப் பார்த்து யாராலும் கூற முடியாது. அலுவலர் நேரில் வந்து சேருவதற்குள் வட்டம் பெரிதாகி விடுகிறது. யாரோ சொன்ன மருந்தை வாங்கி அடித்த செலவும் சேர்ந்து விடுகிறது.

சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்டு 15-ம் தேதி தொடங்கியது. அந்நாளில் ஒரு வயலைப் படம் எடுக்கக் காமிராவுடன் ஒரு குழுவே வர வேண்டும். இன்று அந்தக் காமிரா விவசாயியின் சட்டைப் பையில் இருக்கிறது. செங்கற்பட்டு, மதுராந்தகம், திருக்கழுக்குன்றம், செய்யூர் பகுதிகளில் ஓர் ஏக்கர், இரண்டு ஏக்கர் வைத்திருப்போரிடமும் இருக்கிறது. அதைக் கொண்டு பயன்படும் வீடியோ எடுப்பதற்குப் புதுப் போன் தேவையில்லை. சில எளிய முறைகளைப் பழகினால் போதும்.

பாஸ்தாபூர் பெண்கள் சொன்ன மூன்று கோணங்கள்

தெலுங்கானாவில் ஜஹீராபாத் அருகே பாஸ்தாபூர் என்ற ஊர் உள்ளது. அப்பகுதியில் டெக்கான் டெவலப்மென்ட் சொசைட்டி என்ற அமைப்பின் சங்கங்களில் ஏழை விவசாயப் பெண்கள் பலர் உள்ளனர். எழுதப் படிக்கத் தெரியாத சிலர் அவர்களுள் 1990-களின் இறுதியில் வீடியோக் காமிராவைக் கையாளப் பழகினர். விதை, மானாவாரிச் சாகுபடி, சிறுதானியம் பற்றித் தாங்களே படம் எடுத்தனர். பின்னர் வாரங்கல் பகுதிப் பருத்தி விவசாயிகளின் அனுபவத்தையும் பதிவு செய்தனர்.

காமிராக் கோணங்களுக்கு இப்பெண்கள் தங்கள் ஊர் வழக்கிலேயே பெயர் வைத்தனர். மேலிருந்து கீழே பார்த்து எடுப்பது 'பட்டேல் ஷாட்'. நிலக்கிழார் நின்றுகொண்டு கூலியாளைப் பார்ப்பது அப்படித்தான். கீழிருந்து மேலே பார்த்து எடுப்பது 'அடிமை ஷாட்'. எதிரில் இருப்பவரின் கண் மட்டத்தில் வைத்து எடுப்பது 'சங்கம் ஷாட்'. சங்கக் கூட்டத்தில் எல்லோரும் சமமாகத் தரையில் உட்கார்ந்து பேசுவதால் அந்தப் பெயர்.

இந்தப் பாடம் மனிதர்களைப் படம் எடுப்பதற்கு மட்டும் அன்று, பயிருக்கும் பொருந்தும். வரப்பில் நின்று எடுக்கும் வீடியோ பட்டேல் ஷாட்தான். அதில் இலையின் மேற்பரப்பு மட்டுமே தெரியும். பயிரின் மட்டத்திற்குக் குனிய வேண்டும், அல்லது உட்கார வேண்டும்.

நின்றால் இலை, குனிந்தால் பூச்சி

புகையான் பூச்சி நெற்குத்தின் அடியில், தண்ணீர் மட்டத்திற்குச் சற்று மேலே கூட்டமாக உட்கார்ந்து சாற்றை உறிஞ்சும். எனவே குத்தை இரு கையாலும் விலக்கி, அடித்தண்டை மற்றொருவர் வீடியோ எடுக்க வேண்டும். காய்ந்துபோன வட்டத்தின் நடுவே எடுத்துப் பயனில்லை. அங்கே பூச்சி இருந்துவிட்டுப் போயிருக்கும். வட்டத்தின் ஓரத்தில், பச்சையும் பழுப்பும் சந்திக்கும் இடத்தில் எடுக்க வேண்டும்.

தூர் ஒன்றுக்கு ஒரு புகையான் இருந்தால் மருந்து அடிக்கும் நிலை வந்துவிட்டது என்பது பரிந்துரை. குத்துக்கு ஒரு சிலந்தி வீதம் இருந்தால் தூருக்கு 2 பூச்சி வரை பொறுக்கலாம். சிலந்தி புகையானைப் பிடித்துத் தின்னும். ஆகவே வீடியோவில் பூச்சியோடு சிலந்தியும் தெரிய வேண்டும். படம் தெளிவாக இருந்து அலுவலர் எண்ணிப் பார்க்க முடிந்தால், சில சமயம் மருந்துச் செலவே மிச்சமாகும். தெளிவில்லாத படத்தைப் பார்த்து நோய் என்று கருதிப் பூஞ்சாண மருந்து அடித்தால் புகையான் போகாது. செயற்கைப் பைரித்ராய்டு மருந்துகளை அடித்தால் புகையான் முன்னிலும் பெருகும்.

மூன்று தூரம், முப்பது விநாடி

ஒவ்வொரு பிரச்சினைக்கும் மூன்று துண்டுகள் எடுத்தால் போதுமானது. முதலாவது, வயல் முழுவதும் தெரியும் காட்சி. எந்தப் பகுதியில், எவ்வளவு பரப்பில் பாதிப்பு என்பது இதில் தெரியும். இரண்டாவது, ஒரே குத்து வேரிலிருந்து நுனி வரை. மூன்றாவது, பாதிக்கப்பட்ட இலை, தண்டு அல்லது கதிர் மட்டும். ஒவ்வொன்றுக்கும் மனத்திற்குள் பத்து எண்ணும் வரை போனை அசைக்கக் கூடாது.

புதிதாக எடுப்போர் செய்யும் பெரிய தவறு, தண்ணீர் தெளிப்பதுபோல் போனை இங்கும் அங்கும் வீசுவது. பார்ப்பவரின் கண்ணுக்கு எதுவும் பிடிபடாது. இடமிருந்து வலமாக வயலைக் காட்ட வேண்டுமானால் கால்களை ஊன்றி நின்று, இடுப்பை மட்டும் மெல்லத் திருப்ப வேண்டும். தொடங்கும் இடத்திலும் முடியும் இடத்திலும் சற்று நிறுத்த வேண்டும்.

போனைப் படுக்கை வசமாக இரு கைகளாலும் பிடித்து, முழங்கைகளை விலாவோடு ஒட்டிக்கொண்டால் ஆட்டம் குறையும். மண்வெட்டிக் காம்பின் மேலோ பம்புசெட் சுவரின் மேலோ கையைத் தாங்கிக்கொள்ளலாம். திரையில் விரலால் விரித்துப் பெரிதாக்குவதைவிட, காலால் நடந்து பக்கத்தில் போவது நல்லது. விரித்த படம் மங்கும், ஆட்டமும் பெரிதாகத் தெரியும்.

மிகவும் நெருங்கினாலும் படம் கலங்கும். ஒரு சாண் தூரத்தில் தொடங்கி, தெளிவு கெடாத வரை கிட்டே போகலாம். இலையின் மேல் படம் தெளியாவிட்டால், திரையில் அந்த இலையை விரலால் ஒரு முறை தொட வேண்டும். இலைக்குப் பின்னால் உள்ளங்கையையோ வெள்ளைத் துணியையோ வைத்தால், காமிரா தூரத்துப் பயிருக்குத் தாவாது. பக்கத்தில் ஒரு ரூபாய் நாணயத்தை வைத்தால் புழு, புள்ளி ஆகியவற்றின் அளவு விளங்கும்.

குலைநோய்ப் புள்ளி கதிர் வடிவில் இரு முனையும் கூர்ந்து, நடுவில் சாம்பல் நிறமாக இருக்கும். பழுப்புப் புள்ளி நோயில் புள்ளிகள் முட்டை வடிவில் இருக்கும். எட்ட நின்று எடுத்தால் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும்.

வெயிலைப் பார்த்து நிற்க வேண்டும்

மாமல்லபுரத்தில் அர்ச்சுனன் தபசுப் பாறை கிழக்கு நோக்கியது. காலையில் வெயில் சாய்ந்து விழும்போது யானைகளும் தவசியும் புடைத்து எழுந்து நிற்பர். பிற்பகலில் பாறை நிழலில் இருப்பதால் அந்தப் புடைப்பு அடங்கி விடும். இலையின் மேடு பள்ளமும் அப்படித்தான். காலையில் அல்லது மாலையில், வெயில் பக்கவாட்டில் விழும்படி நின்று எடுத்தால் இலைச்சுருட்டு, பேன் தாக்கிய இலை, வெள்ளைப் பூச்சு எல்லாம் நன்கு தெரியும்.

சூரியன் காமிராவுக்கு எதிரில் இருந்தால் பயிர் கறுத்துப் போகும். எடுப்பவரின் முதுகுக்குப் பின்னோ தோளுக்குப் பக்கத்திலோ வெயில் இருக்க வேண்டும். தன் நிழல் இலை மேல் பாதி விழும்படி நிற்கக் கூடாது. உச்சி வெயிலில் எடுத்தே தீர வேண்டுமானால், குடை பிடித்து அந்தக் குத்து முழுவதையும் நிழலில் வைத்து எடுக்கலாம்.

கடற்காற்றும் குரலும்

கோவளம் முதல் கல்பாக்கம், இடைக்கழிநாடு வரை கரையோர நிலங்களில் முற்பகல் கழிந்ததும் கடற்காற்று எழும். சவுக்கும் தென்னையும் இரையும். மணற்பாங்கான நிலத்தின் நிலக்கடலை, தர்ப்பூசணி இலைகள் அசைந்துகொண்டே இருக்கும். ஆகவே கரையோர விவசாயிகள் காற்று எழுமுன் காலையிலேயே எடுத்து விடுவது நல்லது. உப்புக் காற்றில் லென்ஸ் மேல் மெல்லிய படலம் படியும். ஒவ்வொரு முறையும் சுத்தமான பருத்தித் துணியால் துடைத்த பிறகே எடுக்க வேண்டும். மண் இருந்தால் முதலில் ஊதிவிட்டுத் துடைக்க வேண்டும், இல்லையேல் லென்ஸில் கீறல் விழும்.

பேசும்போது காற்றுக்கு முதுகு காட்டி நிற்க வேண்டும். பம்புசெட்டை நிறுத்திவிட வேண்டும். சொல்ல வேண்டியவை சிலவே: தேதி, ஊர், சர்வே எண், ரகம், நட்டு எத்தனை நாள், கடைசியாக இட்ட உரம், அடித்த மருந்து, பாதிப்பு முதலில் தெரிந்த நாள். அடித்த மருந்தை மறைத்தால் ஆலோசனையும் தவறிப்போகும். மருந்து டப்பாவின் பெயர்ச்சீட்டையும் ஒரு முறை காட்டலாம்.

அசைவு தேவைப்படும் இடங்கள்

சில பிரச்சினைகளுக்குப் புகைப்படமே போதும். சிலவற்றிற்கு வீடியோதான் வேண்டும். குருத்துப்பூச்சி தாக்கிய நடுக்குருத்தைப் பிடித்து இழுத்தால் எளிதில் கையோடு வரும். அந்த இழுப்பை வீடியோவில் காட்டலாம். பாக்டீரியா இலைக்கருகல் என்று சந்தேகம் இருந்தால், நோயுற்ற இலையை வெட்டி, வெட்டிய முனை மூழ்கும்படி கண்ணாடி டம்ளரில் தெளிந்த நீரில் விட வேண்டும். அந்நோயானால் சில நிமிடங்களில் வெட்டுவாயிலிருந்து வெண்மையான கசிவு இறங்கும். டம்ளருக்குப் பின்னால் கறுப்புத் துணி வைத்து எடுத்தால் அது நன்கு தெரியும்.

நொண்டும் மாட்டை நிற்க வைத்து எடுப்பது வீண். சமதரையில் நடக்கவிட்டுப் பக்கவாட்டில் ஒரு முறை, பின்புறமிருந்து ஒரு முறை எடுக்க வேண்டும். மோட்டாரில் வழக்கத்திற்கு மாறான ஓசை கேட்டால், பேசாமல் இருபது விநாடி அந்த ஓசையைப் பதிவு செய்தால் மெக்கானிக்குக்கு உதவும்.

புயல் நாளில் 72 மணி நேரம்

2022 டிசம்பர் 9-ம் தேதி இரவு மாண்டஸ் புயல் மாமல்லபுரம் அருகே கரையைக் கடந்தது. இத்தகைய சமயங்களில் வீடியோ ஒரு சாட்சியாகிறது. 2016-ல் தொடங்கிய பிரதம மந்திரி பயிர்க் காப்பீட்டுத் திட்டத்தில், தனிப்பட்ட வயலுக்கு ஏற்படும் இழப்பை 72 மணி நேரத்திற்குள் தெரிவிக்க வேண்டும். அறுத்து வயலில் காயவைத்த பயிர் 14 நாட்களுக்குள் புயல் மழையாலோ பருவம் தவறிய மழையாலோ சேதமானாலும் இவ்விதி உண்டு. எந்தப் பயிருக்கு, எந்தச் சேதம் ஏற்கப்படும் என்பதை அந்தப் பருவத்திற்கான அறிவிக்கையைப் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும். புகாரைப் பயிர்க் காப்பீட்டுச் செயலியிலோ 14447 என்ற எண்ணிலோ பதிவு செய்யலாம்.

ஊர் முழுவதும் விளைச்சல் குறைந்தால் அறுவடைப் பரிசோதனையை வைத்தே இழப்பீடு கணக்கிடப்படும். வீடியோ அதற்கு மாற்றாகாது. வீடியோ எடுத்ததே புகார் கொடுத்ததாகவும் ஆகாது. முதலில் புகார், பிறகுதான் படம் என்பதை மறக்கக் கூடாது.

சேதத்தை எடுக்கும்போது போனில் இருப்பிடப் பதிவை இயக்கி வைக்க வேண்டும். கோயில் கோபுரம், மின்கம்பம், கிணறு, ஏரிக்கரை என அசையாத அடையாளம் ஒன்று படத்தில் தெரிய வேண்டும். துண்டுகளை வெட்டி ஒட்டக் கூடாது, பாட்டுச் சேர்க்கக் கூடாது. தண்ணீரின் ஆழத்தைக் காட்ட அளவுக் குறியிட்ட குச்சியை நட்டு எடுக்கலாம். இன்னொரு வழக்கமும் நல்லது: நடவு முடிந்த மறுவாரமே அதே வரப்பு முனையிலிருந்து ஒரு வீடியோ எடுத்து வைத்தால், பயிர் முன்பு எப்படி இருந்தது என்பதற்கு அதுவே ஆதாரம். அறுந்து கிடக்கும் மின்கம்பி அருகிலோ, ஓடும் வெள்ளத்திலோ இறங்கிப் படம் எடுக்கத் துணியக் கூடாது.

அனுப்பும் முறை

வாட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பினால் வீடியோ சுருங்கித் தெளிவு குறையும். 'டாக்குமென்ட்' என்ற வழியில் அனுப்பினால் எடுத்தபடியே போய்ச் சேரும். துண்டு ஒவ்வொன்றும் அரை நிமிடத்திற்கு மேல் போகாமல் இருந்தால் அனுப்புவது எளிது. பதில் வந்துவிட்டது என்று மூலப்படத்தை அழித்துவிடாமல், பருவம் முடியும் வரை வைத்திருக்க வேண்டும்.

வட்டார வேளாண்மை விரிவாக்க மையத்தையும், காட்டுப்பாக்கம் வேளாண் அறிவியல் நிலையத்தையும் ஆலோசனைக்கு அணுகலாம். 1800-180-1551 என்ற கிசான் அழைப்பு மைய எண்ணில் தமிழிலேயே பேசலாம். போனில் பேசும் முன் வீடியோவைத் தானே ஒரு முறை பார்த்துக்கொள்வது நல்லது. நேரில் பார்த்திராத ஒருவருக்கு இது விளங்குமா என்று கேட்டுக்கொண்டு, விளங்காவிட்டால் திரும்ப எடுக்க வேண்டும்.

நாளை காலை வயலுக்குப் போகும்போது, பயிர் நன்றாக இருந்தாலும் ஒரு குத்தை விலக்கிப் பத்து எண்ணும் வரை எடுத்துப் பழகலாம். பூச்சி வந்த நாளில் கை தானாகக் குனியும்.