எந்தத் தேதியில் பிறந்தீர்கள்?

உங்கள் வீட்டுப் பெட்டியிலுள்ள பாஸ்போர்ட்டுகளை எடுத்து, பிறந்த தேதியை மட்டும் பாருங்கள். ஒரே வீட்டில் இருவர் மூவர் மே மாதத்தில் பிறந்திருந்தால் வியப்படையாதீர்கள். எங்கள் ஆர்.எஸ்.மங்கலத்தில் ஒரு தலைமுறையே கோடை விடுமுறையில் பிறந்ததாகத்தான் ஏடுகள் சொல்கின்றன! ஜூனில் பள்ளி திறக்கையில் ஐந்து வயது நிறைந்திருக்க வேண்டும். வலக்கையைத் தலைமேல் வளைத்து இடக்காதைத் தொட்டுவிட்ட பிள்ளைக்கு ஆசிரியரே ஒரு தேதியைப் போட்டுக்கொண்டார்.

அந்த ஆசிரியர்களைக் குறைகூற எனக்கு மனமில்லை. நம் வீட்டார் சொன்ன பதில் அப்படி. "பராஅத் கழிந்த வாரம், வெள்ளி இரவு" என்பார் தாய். மஃரிபோடு நமக்கு நாள் மாறிவிடுவதால், வெள்ளி இரவு என்பது வியாழன் பொழுது சாய்ந்தபின் வரும் இரவு. மருத்துவமனை ஏடோ நள்ளிரவு வரை வியாழன் என்றே எழுதும். ஹிஜ்ரி ஆண்டும் ஏறத்தாழ 11 நாட்கள் குறைவு. பிறைக் கணக்கில் 34 வயது நிறைந்தவருக்கு ஆங்கிலக் கணக்கில் 33தான் நிறைந்திருக்கும்.

நாட்டின் இராணுவத் தளபதிக்கே இத்தொல்லை நேர்ந்ததுண்டு. ஜெனரல் வி.கே.சிங்கின் பள்ளிச் சான்றில் பிறந்த ஆண்டு 1951. படையில் சேர எழுதிய விண்ணப்பத்தில் 1950. பதவியிலிருந்தபடியே அரசை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்ற அவர், 2012 பிப்ரவரியில் மனுவைத் திரும்பப் பெற்று, 1950 கணக்கின்படியே ஓய்வு பெற்றார். பிற்பாடு பாஸ்போர்ட் வழங்கும் வெளியுறவுத் துறைக்கே அவர் இணையமைச்சரானார் என்பது தனிக்கதை.

பாஸ்போர்ட் அலுவலகம் நம் பிறந்த நாளைத் தானாகக் கண்டுபிடித்து எழுதுவதில்லை. நாம் தரும் சான்றைப் பார்த்து எழுதுகிறது. ஆகவே வேரிலிருந்து தொடங்க வேண்டும். முதலில் பிறப்புப் பதிவைத் தேடுங்கள். அதில் பெயர் விடுபட்டிருந்தால் 15 ஆண்டுகளுக்குள் சேர்க்கலாம். பதிவே இல்லையெனில், ஓராண்டு கடந்தவற்றுக்கு மாவட்ட ஆட்சியர், கோட்டாட்சியர் போன்றோரின் உத்தரவு வேண்டும். பின்னர் பள்ளிச் சான்று, ஆதார் ஆகியவற்றை ஒத்துவரச் செய்து, பாஸ்போர்ட் மறுவெளியீட்டுக்கு விண்ணப்பிக்க வேண்டும். பழைய புத்தகத்தில் பேனாவால் திருத்தித் தரமாட்டார்கள்; புதிய புத்தகமே வரும். காலம் கடத்தினால் நீதிமன்றப் படியேறவும் நேரிடலாம். 1.10.2023 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பிறந்த தேதிக்குப் பிறப்புச் சான்றிதழ் ஒன்றே ஆதாரம் என்பதைத் தாய்மார்கள் நினைவில் வையுங்கள். சவூதியில் இருப்பவர்களுக்கு இகாமாவிலும் பழைய தேதியே இருக்கும். அதைக் கவனியாமல் பாஸ்போர்ட்டை மட்டும் மாற்றினால் இரண்டும் முரண்படும்.

இவையெல்லாம் அறியாது நேர்ந்த பிழைகளுக்கு. அறிந்தே செய்ததற்கு?

சென்ற ஆண்டு எங்கள் மஹல்லாப் பெரியவர் ஒருவர் என்னைத் தேடி வந்தார். பதினேழு வயதில் சபர் போனவர். ஏஜெண்டு சொன்னபடி இருபத்தொன்று என்று எழுதிப் போனார். அந்தச் சம்பாத்தியத்தில்தான் மூன்று தங்கைகளின் நிக்காஹ் நடந்தது. இப்போது அறுபது வயதாகிவிட்டதென்று கம்பெனி கணக்குத் தீர்க்கப் பார்க்கிறது. உண்மை வயது 56. இளைய மகள் இன்னும் கல்லூரியில். எங்கள் மதரஸாவின் பழைய சேர்க்கை ஏட்டில் அவருடைய சரியான தேதி இருக்கிறது.

"ஹஜ்ரத், அந்தத் தேதியோடு, அறியாமல் நேர்ந்த தவறு என்றும் ஒரு வரி எழுதித் தாருங்கள்" என்றார்.

தேதியை எழுதிக் கொடுத்தேன். அந்த வரியை எழுதக் கை வரவில்லை. பாஸ்போர்ட்டுக்கு அறிந்தே பொய்த் தகவல் தருவது, 1967ஆம் ஆண்டுச் சட்டப்படி ஈராண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம். அதைச் சொன்னபோது அவர் நெடுநேரம் பேசவில்லை. "பொய் சொன்னபோது யாரும் இதைச் சொல்லவில்லையே" என்றார் பிறகு. அவருக்கு அன்று என்னால் பதில் சொல்ல இயலவில்லை.

மறுவாரம் வழக்கறிஞரைக் கண்டு, நடந்ததை நடந்தபடியே எழுதி மனுச் செய்தார். பதில் இன்னும் வரவில்லை. ஒவ்வொரு ஜும்ஆவிலும் தூரத்திலிருந்தே "இல்லை" என்று கையை அசைத்துக் காட்டுகிறார்.