குரங்கு கேட்ட நியாயம்... கோபுரம் சொன்ன நியாயம்!

குற்றாலம் சீசனுக்குப் போனவர்கள் எல்லோருக்கும் ஓர் அனுபவம் பொதுவாக இருக்கும். பேரருவியில் குளித்துவிட்டு, ஈரத் தலையோடு ஒரு சிப்ஸ் பாக்கெட்டைப் பிரித்திருப்பீங்க. எங்கிருந்தோ ஒரு கை வரும். சிப்ஸ் அபேஸ்! மரக்கிளையில் உட்கார்ந்து, நம்மையே பார்த்துக்கொண்டு சாவகாசமாகச் சாப்பிடுகிற அந்த நாட்டுக்குரங்கைப் பார்த்து, 'இது நியாயமா?' என்று கேட்கத் தோன்றும்.

கேள்வி சரிதான் பாஸ். குரங்குக்கு நியாயம்னு ஒண்ணு உண்டா? அதைவிட முக்கியம்... நமக்கு இருக்கிறதே, அது எங்கேயிருந்து வந்தது? சாமி சொன்னதாலா? சட்டம் போட்டதாலா? வாத்தியார் பிரம்பாலா?

விடை தேட குற்றாலத்திலிருந்து தென்காசி வரை போனாலே போதும். பஸ்ஸில் கால் மணி நேரம்தான். ஆனால், கதை பல லட்சம் வருஷம் பழசு!

கவிராயர் பார்த்த குரங்கு

பள்ளிக்கூடத்தில் குற்றாலக் குறவஞ்சி மனப்பாடப் பாட்டு ஞாபகம் இருக்கா? 18ம் நூற்றாண்டில் திரிகூடராசப்பக் கவிராயர் பாடியது. மலை வளத்தைச் சொல்ல வரும்போது அவர் கண்ணில் முதலில் படுவதே, மந்திக்குப் பழம் கொடுத்துக் கொஞ்சும் ஆண் குரங்குதான். பறிக்கிற குரங்கை நாம் பார்த்தோம், கொடுக்கிற குரங்கை அவர் பார்த்தார். ரெண்டும் ஒரே குரங்குதான்!

கொஞ்சம் பொறுமையாகக் கவனித்தால் நாமும் பார்க்கலாம். ஒன்று உட்கார்ந்திருக்கும், இன்னொன்று அதற்குப் பேன் பார்க்கும். கொஞ்ச நேரம் கழித்து இடம் மாறும். 'நீ எனக்கு, நான் உனக்கு' ஒப்பந்தம். பத்திரம், சாட்சி, கையெழுத்து எதுவும் கிடையாது.

2003ல் சாரா பிராஸ்னன், ஃபிரான்ஸ் டி வால் என்ற இரண்டு விஞ்ஞானிகள் 'நேச்சர்' இதழில் ஒரு சோதனையை எழுதினார்கள். கப்புச்சின் என்ற தென் அமெரிக்க இனக் குரங்குகள் இரண்டு. ஆளுக்கு ஒரு சின்ன டோக்கன். அதைத் திருப்பிக் கொடுத்தால் கூலியாக ஒரு வெள்ளரித் துண்டு. இரண்டும் சந்தோஷமாக வேலை பார்த்தன. பிறகு, அதே வேலைக்கு ஒன்றுக்கு மட்டும் திராட்சை கொடுத்தார்கள். அவ்வளவுதான்... அதுவரை இனித்த வெள்ளரி பக்கத்துக் குரங்குக்குக் கசந்துபோனது. சில குரங்குகள் வாங்க மறுத்தன, சில வாங்கித் தூக்கியெறிந்தன!

'இது நியாய உணர்ச்சியா, இல்லை, திராட்சை கிடைக்காத ஏமாற்றம் மட்டும்தானா' என்று விஞ்ஞானிகளுக்குள் இன்னும் பட்டிமன்றம் ஓடுகிறது. ஆனால் ஒண்ணு நிச்சயம். 'அவனுக்கு மட்டும் ஏன்?' என்ற கேள்விக்கு மனுஷன் மட்டுமே சொந்தக்காரன் இல்லை.

நல்லவன் தோற்பானா?

'வலுத்தது வாழும்' என்பதுதானே பரிணாமம், அதில் நல்ல குணத்துக்கு என்ன வேலை என்று கேட்பீங்க. டார்வினுக்கும் இந்தக் குடைச்சல் இருந்தது. 1871ல் வந்த 'மனிதனின் தோற்றம்' நூலில், கூட்டமாக வாழும் விலங்குகளின் பாச உணர்ச்சியோடு நினைவாற்றலும் அறிவும் சேர்ந்தால் மனசாட்சி தானாகவே வளரும் என்று எழுதினார்.

கணக்குப் போட்டுக் காட்டியவர் டபிள்யூ.டி.ஹாமில்டன். வருஷம் 1964. சொந்தக்காரர்களுக்கு உதவுவது, ஒருவகையில் நம்மிடம் இருக்கும் அதே மரபணுவுக்கு உதவுவதுதான். நெருங்கிய உறவென்றால் பெரிய தியாகம், தூரத்து உறவென்றால் சின்ன தியாகம். ஜே.பி.எஸ்.ஹால்டேன் என்ற மேதை இதை ஜோக்காகவே சொன்னதாகச் சொல்வார்கள். 'ஒரு தம்பிக்காக ஆற்றில் குதிக்க மாட்டேன். ரெண்டு தம்பி, இல்லே எட்டு கஸின்ஸ் என்றால் குதிப்பேன்' என்று! 1957ல் இந்தியாவுக்கே குடிவந்து, 1964ல் புவனேஸ்வரில் கண்மூடியவர் இவர்.

சரி, சொந்தமே இல்லாதவருக்கு ஏன் உதவணும்? 1971ல் ராபர்ட் டிரிவர்ஸ் சொன்ன பதில், நம்ம ஹாஸ்டலுக்கு அப்படியே பொருந்தும். இன்னிக்கு நீ ரெக்கார்டு நோட் கொடுத்தா, நாளைக்கு அவன் கால்குலேட்டர் கொடுப்பான். வாங்கிட்டு மட்டும் போறவனை நாலே வாரத்தில் மொத்த ஃப்ளோரும் ஓரங்கட்டிடும்.

இன்ஜினீயரிங் பசங்களுக்குப் பிடிச்ச மேட்டர் இனிமேல்தான். 1980 வாக்கில் ராபர்ட் ஆக்செல்ராட் என்ற அமெரிக்கப் பேராசிரியர் ஒரு கம்ப்யூட்டர் போட்டி வைத்தார். ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு புரோகிராம்கள் மோதும். 'ஒத்துழைக்கலாமா, காலை வாரலாமா' என்று முடிவெடுக்க வேண்டும். முதல் போட்டிக்கு 14 பேர் புரோகிராம் அனுப்பினார்கள். தந்திரம், சூது, வஞ்சகம் எல்லாம் கலந்த கில்லாடி புரோகிராம்கள்! ஜெயித்தது எது தெரியுமா? வந்ததிலேயே மிகச் சின்னது. அனடோல் ராபபோர்ட் அனுப்பிய 'டிட் ஃபார் டாட்'. முதலில் ஒத்துழை. பிறகு, எதிராளி போன தடவை என்ன செய்தானோ அதையே நீயும் செய். தப்பைத் திருத்திக்கொண்டால் உடனே மன்னித்துவிடு. இதுதான் மொத்த புரோகிராமும்! ரகசியம் தெரிந்த பிறகு இரண்டாவது போட்டிக்கு 62 பேர் மோதினார்கள். மறுபடியும் அதுவே சாம்பியன்.

ஆக, திரும்பத் திரும்பச் சந்திக்கிற உலகத்தில் நல்லவன் ஏமாளி இல்லை.

கதையில் ஒரு வில்லன்

இதோடு 'சுபம்' போட்டுவிட்டால் எவ்வளவு நல்லா இருக்கும்? ஆனால், பரிணாமம் நமக்குக் கொடுத்த நியாயத்தில் ஒரு பெரிய ஓட்டை இருக்கு. அது 'நம்ம ஆளு'க்குத்தான் வேலை செய்யும். சொந்தம், கூட்டம், முகம் தெரிந்தவன். அந்த வட்டத்துக்கு வெளியே நிற்பவனுக்கு அதே மூளை கதவைச் சாத்திவிடும்.

இதற்கு உதாரணம் தேடி வெளிநாடு போக வேண்டாம். தென்காசி மாவட்டம், சங்கரன்கோவில் பக்கம் பாஞ்சாகுளம். 2022 செப்டம்பரில் ஒரு வீடியோவைத் தமிழ்நாடே பார்த்தது. தின்பண்டம் வாங்க வந்த பட்டியலினக் குழந்தைகளிடம் 'ஊர்க் கட்டுப்பாடு, உங்களுக்குக் கொடுக்க முடியாது' என்று திருப்பி அனுப்புகிறார் கடைக்காரர். அவர் கைதானார், கடைக்கு சீல் வைத்தார்கள்.

'ஊர்க் கட்டுப்பாடு' என்ற வார்த்தையைக் கவனிங்க. ஒற்றுமை, விசுவாசம், சொன்ன சொல் காப்பது... கூட்டத்துக்குள்ளே இதெல்லாம் நல்ல குணங்கள்! அதே குணங்கள்தான் ஒரு குழந்தையின் கையிலிருந்து மிட்டாயைப் பறித்தன. பள்ளிக்கூடத்திலேயே சாதிக்கு ஒரு கலரில் கயிறு கட்டி 'நம்ம ஆளு' யார் என்று அடையாளம் பார்க்கும் பழக்கமும் நம்ம பக்கம் இருப்பதுதான். 2023ல் நாங்குநேரியில் ஒரு மாணவன் சக மாணவர்களாலேயே வெட்டப்பட்டதற்குப் பிறகு அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு, 2024ல் கொடுத்த அறிக்கையில் இந்தக் கயிறுகளுக்குத் தடை கேட்டது. இயற்கையாகவே வருகிறது என்பதால் ஒரு விஷயம் சரியாகிவிடாது பாஸ். சிப்ஸ் பறிப்பதும் இயற்கைதானே!

அந்த வீடியோவில் இன்னொரு குரலும் இருக்கிறது. 'என்ன கட்டுப்பாடு?' என்று ஒரு சிறுவன் கேட்கிறான்.  பகுத்தறிவு ஆரம்பிக்கிற இடம் அதுதான். 'ஏன்?'

ஒரு சின்ன டெஸ்ட்

புரோகிராம் எழுதினால் டெஸ்ட் கேஸ் போட்டுப் பார்ப்போம் இல்லையா? நியாயத்துக்கும் அதுபோல ஒண்ணு இருக்கு. பெயர்களை மாற்றிப் போடுங்க. நான் கடைக்காரனாக இல்லாமல், மிட்டாய் கேட்கும் பையனாக இருந்தாலும் இதே விதியைச் 'சரி' என்பேனா? பெயரை மாற்றியதும் விடையும் மாறினால், அது விதி இல்லை, வெறும் வசதி!

குரங்கால் 'எனக்கு ஏன் கம்மி?' என்று கோபப்பட முடியும். 'அவனுக்கு ஏன் கம்மி?' என்று, சம்பந்தமே இல்லாத ஒருவனுக்காகக் கேள்வி கேட்டு, விதியையே மாற்றி எழுத மனிதனால்தான் முடியும். உணர்ச்சி விதை போட்டது, காரணம் கேட்கிற அறிவு வேலியைப் பிரித்தது. தத்துவ அறிஞர் பீட்டர் சிங்கர் 1981ல் எழுதிய புத்தகத்துக்கு வைத்த பெயரே 'விரியும் வட்டம்' என்ற அர்த்தத்தில்தான்.

பாண்டியன் யாரை வணங்கினான்?

அந்த வட்டம் எவ்வளவு தூரம் விரியும் என்று பார்க்கணுமா? தென்காசி காசி விஸ்வநாதர் கோயிலுக்கு வாங்க. 15ம் நூற்றாண்டில் இதைக் கட்டிய பராக்கிரம பாண்டியன், பாட்டாகவே கல்வெட்டு வைத்துவிட்டுப் போயிருக்கிறான். 'இந்தக் கோயிலுக்கு என்றைக்காவது பழுது வந்தால், அதைச் சரிசெய்து காப்பவர் யாராக இருந்தாலும் சரி, உலகமறிய அவரை வணங்குகிறேன்' என்பது அதன் சாரம்.

யோசிச்சுப் பாருங்க. வணங்குவது ராஜா. வணங்கப்படுவது இன்னும் பிறக்கவே பிறக்காத யாரோ! சொந்தமா? தெரியாது. என்ன குலம், எந்த ஊர்? தெரியாது. பதிலுக்கு ஏதாவது செய்வாரா? ராஜாவே இருக்க மாட்டான். ஹாமில்டன் கணக்கும் டிட் ஃபார் டாட்டும் கைவிரிக்கிற இடம் இது. பிற்காலத்தில் சிதைந்துபோன கோபுரம், ஒன்பது நிலையோடு மறுபடி எழுந்து நின்றது 1990ல். ஐந்நூறு வருஷத்துக்கு முன்னால் போட்ட கும்பிடு, போய்ச் சேர வேண்டியவர்களிடம் போய்ச் சேர்ந்தது!

அதற்காக, வட்டம் அன்றைக்கே முழுசாகிவிட்டது என்று நினைக்காதீங்க. எல்லாச் சாதியினரும் கோயிலுக்குள் போகலாம் என்று சென்னை மாகாணத்துக்கு முழுமையான சட்டம் வந்ததே 1947ல்தான். 'யாராக இருந்தாலும்' என்று கல்லில் வெட்டுவது சுலபம். அதை நிஜமாக்க ஒவ்வொரு தலைமுறையிலும் யாராவது 'என்ன கட்டுப்பாடு?' என்று கேட்டுக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது.

இப்போ உங்க டர்ன். இந்த சீசனில் அருவிக்குப் போவீங்க. பக்கத்தில் குளிக்கிறவர் யாரையும் வாழ்க்கையில் மறுபடி பார்க்கப் போவதில்லை. வரிசையில் இடித்து முன்னால் போனாலும், ஷாம்பு பாக்கெட்டைத் தண்ணியில் விட்டாலும் யாரும் உங்களைத் திருப்பி அடிக்கப் போவதில்லை. அந்தத் தண்ணி சிற்றாறாக ஓடி, சீவலப்பேரியில் தாமிரபரணியோடு கலக்கும். கீழே எங்கேயோ, உங்களுக்குப் பெயர் தெரியாத ஒருவர் வீட்டுக் குடத்தில் போய் நிறையும்.

அவர் 'நம்ம ஆளா'?