ஜெர்பில் என்றால் என்ன? ஓசூர் பக்கம் இந்த எலியை ஏன் கண்காணிக்கிறார்கள்?

செல்லப்பிராணி வீடியோக்களில் உள்ளங்கையில் உட்கார்ந்து விதை கொறிக்கும் குட்டி எலிக்கு 'ஜெர்பில்' என்று பெயர் போடுகிறார்கள். அது மங்கோலியப் பக்கத்து இனம். ஆனால் ஜெர்பில் வகையில் ஒன்று ஓசூர், கிருஷ்ணகிரி மானாவாரி நிலங்களிலும் வளை தோண்டி வாழ்கிறது. அதுதான் நம்ம ஊர் வெள்ளெலி.

பெயர் எங்கிருந்து வந்தது?

மூலம் அரபுச் சொல். பாலைவனத்தில் பின்னங்கால்களால் தாவித் தாவி ஓடும் ஒரு பிராணியை அரபியில் 'யர்பூ' என்பார்கள். அது ஐரோப்பாவுக்குப் போய் 'ஜெர்போவா' ஆனது. அதே போலத் தாவும் வேறொரு சின்னப் பிராணிக்கு, 'குட்டி ஜெர்போவா' என்ற பொருளில் லத்தீன் பாணியில் 'ஜெர்பில்லஸ்' என்று பெயர் வைத்தார்கள். பிரெஞ்சில் 'ஜெர்பீ', ஆங்கிலத்தில் ஜெர்பில். இத்தனைக்கும் ஜெர்போவாவும் ஜெர்பிலும் ஒரே குடும்பமே இல்லை!

நம்ம வெள்ளெலிக்கு முதுகு மண் நிறம், அடிவயிறு வெள்ளை. உடம்பைவிட நீளமான வால், நுனியில் கறுப்புக் குஞ்சம். பகலில் வளைக்குள் இருக்கும், ராத்திரியில்தான் வெளியே வரும். 1807-ல் ஹார்ட்விக் என்பவர் இதை அறிவியல் உலகுக்கு அறிமுகப்படுத்தினார். 'டடேரா இண்டிகா' என்பது அறிவியல் பெயர். ஹாம்ஸ்டரையும் சிலர் வெள்ளெலி என்று எழுதுவதால்தான் குழப்பம். அது வேறு, இது வேறு.

பிளேக்குக்கும் இதற்கும் என்ன தொடர்பு?

பிளேக் கிருமி தொற்றினாலும் வெள்ளெலி அவ்வளவு சுலபமாகச் சாவதில்லை. அதனால் கிருமி காட்டிலும் வயலிலும் சத்தமில்லாமல் தங்கிவிடும். அங்கிருந்து தெள்ளுப்பூச்சி வழியாக ஊருக்குள் இருக்கும் எலிகளுக்குப் போனால் நிலைமை வேறு. அவை கொத்துக் கொத்தாகச் சாகும். செத்த எலியை விட்டு வெளியேறும் தெள்ளுப்பூச்சி அடுத்து மனிதனைக் கடிக்கும்.

1966-ல் பிளேக் பதிவானது ஓசூருக்கு அந்தப் பக்கம், கோலார் மாவட்டம் முல்பாகலில். அதன் பிறகு 1994-ல் பீட், சூரத் வரை நாட்டில் பெரிய சத்தம் இல்லை. தமிழ்நாடு, கர்நாடகா, ஆந்திரா சேரும் இந்த முச்சந்தி இன்னமும் பழைய பிளேக் மையங்களில் ஒன்றாகவே கணக்கில் இருக்கிறது. ஓசூரில் மாநிலப் பொது சுகாதாரத் துறையின் 'இன்ஸ்டிடியூட் ஆஃப் வெக்டர் கன்ட்ரோல் அண்ட் ஜூனோசஸ்' இயங்குவதும், பெங்களூருவில் மத்திய அரசின் பிளேக் கண்காணிப்புப் பிரிவு இருப்பதும் சும்மா இல்லை. இந்தக் கண்காணிப்பில் எலி பிடித்து, தெள்ளுப்பூச்சி எடுத்து, ரத்தத்தைப் பரிசோதிப்பார்கள். நாய்களின் ரத்தமும் உண்டு. எலி தின்னும் நாயின் ரத்தத்தில் எதிர்ப்பொருள் இருந்தால், கிருமி அந்தப் பக்கம் நடமாடுகிறது என்று அர்த்தம்.

வயலில் வெள்ளெலியைப் பார்த்ததுமே பயப்பட வேண்டாம். வீட்டைச் சுற்றி காரணமே இல்லாமல் எலிகள் செத்து விழுந்தால் மட்டும் கையால் தொடாமல் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குச் சொல்லிவிடுங்கள். அதோடு காய்ச்சலும், தொடை இடுக்கிலோ அக்குளிலோ வலியுடன் நெறிக்கட்டியும் வந்தால் தாமதிக்காமல் மருத்துவமனைக்குப் போக வேண்டும். சீக்கிரம் கண்டுபிடித்தால் ஆன்டிபயாடிக் மருந்திலேயே பிளேக் குணமாகும்.