ஒற்றியும் மாதத் தவணையும்: வீட்டுக் கடனின் முழு விலை

கிழக்கேகோட்டையில் பேருந்துக்குக் காத்து நிற்பவர்களுக்கு, வண்டி வரும்வரை வாசிக்கப் பலகைகளுக்குப் பஞ்சம் இல்லை. நகைக்கடை, ஜவுளிக்கடைப் பலகைகளுக்கு நடுவே வீட்டுக் கடன் பலகைகளும் உண்டு. அவற்றில் பெரிய எழுத்தில் இருப்பது வட்டி விகிதம். இல்லையென்றால் 'லட்சத்துக்கு மாதம் இத்தனை ரூபாய்' என்னும் கணக்கு. கடன் தீரும்போது மொத்தம் எவ்வளவு கொடுத்திருப்போம் என்று எழுதிய ஒரு பலகையை நான் இதுவரை பார்த்ததில்லை.

நான் சாலைக் கடைத்தெருவில் ஒரு மொத்த வியாபாரக் கடையில் முப்பத்தொரு ஆண்டுகள் கணக்கு எழுதிப் பிழைத்தவன். மலருக்குக் கட்டுரை வேண்டும் என்று சங்கத்து நண்பர்கள் கேட்டபோது, "இலக்கியம் எழுத எனக்குத் தகுதி கிடையாது, கணக்கு வேண்டுமானால் எழுதுகிறேன்" என்றேன். "அதுதான் வேண்டும்" என்றார்கள். சென்ற மாதம் என் தங்கை மகன் வீட்டுக்கு வந்தது எழுதுபொருளையும் கொடுத்துவிட்டது.

பையன் டெக்னோபார்க்கில் வேலை பார்க்கிறான். வயது முப்பத்துநான்கு. கழக்கூட்டம் பக்கம் ஒரு பிளாட் பார்த்திருக்கிறான். 40 லட்சம் கடன், முப்பது வருஷம், எட்டரை வட்டி. "மாமா, மாசம் 30,757 ரூபாதான். இப்பக் குடுக்க வாடகையோட கொஞ்சம் கூட்டிப் போட்டா வீடு நம்ம சொந்தம்" என்றான். சந்தோஷமாகச் சொன்னவனிடம் எடுத்தவுடன் கணக்கு பேச மனம் வரவில்லை. காப்பி குடித்த பிறகு கேட்டேன்: "மக்கா, மொத்தம் எவ்வளவு குடுக்கணும்?" அவன் கைப்பேசியை எடுத்தான். 30,757ஐ 360ஆல் பெருக்கினால் ஒரு கோடியே பத்து லட்சத்து எழுபத்திரண்டாயிரம் வருகிறது. பையன் சற்று நேரம் பேசவில்லை.

அவனைக் குறை சொல்லும் யோக்கியதை எனக்கு இல்லை. கணக்கே தொழிலாகக் கொண்ட நானும் இதே இடத்தில்தான் சறுக்கினேன்.

2004இல் மணக்காடு பக்கம் நாலு சென்டில் ஒரு பழைய வீட்டை வாங்கினேன். வீட்டுக் கடன் வட்டி மிகவும் தாழ்ந்திருந்த காலம் அது. 6 லட்சம் கடன், ஏழரை சதவீத வட்டி, இருபது ஆண்டு. மாதத் தவணை 4,834 ரூபாய். வட்டி 'மாறும் வட்டி' என்று தாளில் இருந்தது. மாறினால் தவணை கூடும், அவ்வளவுதானே என்று நினைத்துக் கையெழுத்துப் போட்டேன். மூன்று ஆண்டு கழித்து ஒரு கடிதம் வந்தது. வட்டி ஒன்பதரை ஆகிவிட்டதாம். ஆனால் 'தங்கள் தவணைத் தொகையில் மாற்றமில்லை'. நல்ல மனுஷர்கள் என்று நினைத்துக் கடிதத்தை மடித்து வைத்துவிட்டேன். ஓணம் விடுமுறையில் பெட்டியை ஒதுக்கும்போது மறுபடி கையில் அகப்பட்டது. அப்போதுதான் கீழே இருந்த ஒரு வரி கண்ணில் பட்டது: மீதித் தவணைகள் 307.

இருக்க வேண்டியது 204. பதினேழு ஆண்டு பாக்கி இருந்த கடன், ஒரு ரூபாய்கூடப் புதிதாக வாங்காமலே, இருபத்தைந்தரை ஆண்டுக் கடனாகிவிட்டது. போய்க் கேட்டேன். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த இளைஞர், "தவணை கூடலையே சார், பின்னே என்ன பிரச்சினை?" என்றார். அந்தக் கேள்விக்குப் பதில்தான் இந்தக் கட்டுரை.

நம் முன்னோருக்குக் கடன் புதிதல்ல. 1956 நவம்பர் 1இல் தோவாளையும் அகஸ்தீஸ்வரமும் கல்குளமும் விளவங்கோடும் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. நாம் இப்பக்கம் நின்றுவிட்டோம். எல்லைக்கு இருபுறமும் ஒற்றி என்ற சொல் மட்டும் மாறவில்லை. இன்றும் கோட்டைப் பகுதியில் 'ஒற்றிக்கு வீடு' கேட்டு வருகிறவர்கள் உண்டு. என் தகப்பனார் 1961இல் ஒரு வயலை 2,000 ரூபாய்க்கு ஒற்றி வைத்தார். பணம் தந்தவர் வயலைப் பயிர் செய்து விளைச்சலை எடுத்துக்கொண்டார், அதுதான் வட்டி. ஒன்பது ஆண்டு கழித்து அதே 2,000 ரூபாயைக் கொடுத்து வயலைத் திருப்பினார். அந்த ஒன்பது ஆண்டும் அறுவடைக்கு அறுவடை, நம் நெல் வேறொருவர் களத்துக்குப் போவதை எங்கள் அம்மா கண்ணால் பார்த்தார்கள். வட்டி என்றால் என்ன என்று அவர்களுக்கு யாரும் வகுப்பு எடுக்க வேண்டியிருக்கவில்லை. சிட்டியும் அப்படித்தான். 1969இல் தொடங்கிய கே.எஸ்.எஃப்.இ.யில் சேராத குடும்பம் இங்கே குறைவு. ஏலத்தில் எவ்வளவு தள்ளி எடுத்தோம் என்பது அன்று மாலையே வீட்டில் தெரிந்துவிடும்.

மாதத் தவணையில் அந்தக் காட்சி இல்லை. 1882ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 58ஆம் பிரிவு அனுபவ ஒற்றியையும் சொல்கிறது, ஆதாரத்தை ஒப்படைத்து வாங்கும் இன்றைய வங்கிக் கடனையும் சொல்கிறது. சட்டத்தில் இரண்டும் அண்ணன் தம்பி. ஆனால் தவணைக் கடனில் வயல் நம் கையிலேயே இருக்கிறது. வீட்டில் நாமே குடியிருக்கிறோம். அசலும் வட்டியும் ஒரே தொகைக்குள் கலந்து, மாதாமாதம் வங்கிக் கணக்கிலிருந்து தானாகவே போய்விடுகிறது.

அந்தக் கலவையைப் பிரித்துப் பார்ப்போம். வசதிக்காக 10 லட்சம், எட்டரை சதவீதம், இருபது ஆண்டு என்று கொள்வோம். தவணை 8,678 ரூபாய். முதல் மாதம் 10 லட்சத்துக்கான வட்டி 7,083. ஆகவே அசலில் கழிவது 1,595 மட்டுமே. அடுத்த மாதம் பாக்கி சிறிது குறைவதால் வட்டியும் சில ரூபாய் குறையும், அசலுக்குப் போவது அந்தச் சில ரூபாய் கூடும். இப்படி மெல்ல மெல்லத்தான் நகரும். ஐந்து ஆண்டில் 5 லட்சத்து 20 ஆயிரம் கட்டி முடித்திருப்போம். பாக்கி 8 லட்சத்து 81 ஆயிரம் இருக்கும். பத்து ஆண்டு, அதாவது பாதிக் காலம் முடியும்போது 7 லட்சம் பாக்கி. அசலில் பாதி தீர ஏறக்குறைய பதினான்கு ஆண்டு ஆகும். இருபது ஆண்டு முடிவில் நாம் கொடுத்தது 20 லட்சத்து 83 ஆயிரம். இதில் வங்கி ஏமாற்றுவது எதுவும் இல்லை. பாக்கி நிற்கும் பணத்துக்கு வட்டி. பாக்கி அதிக நாள் நின்றால் அதிக வட்டி.

ஆகவே கடனின் விலையைத் தீர்மானிப்பதில் வட்டி விகிதத்துக்கு எவ்வளவு பங்கோ, அதற்குக் குறையாத பங்கு காலத்துக்கு உண்டு. கால் சதவீதம் குறைவாகக் கிடைக்குமா என்று நாலு வங்கி ஏறி இறங்குகிறோம். இருபதா முப்பதா என்பதை மட்டும் மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவர் எழுதிக்கொள்ள விட்டுவிடுகிறோம். அதே 10 லட்சத்தை முப்பது ஆண்டுக்கு எடுத்தால் தவணை 7,689. மாதம் 989 ரூபாய் மிச்சம் போலத் தோன்றும். மொத்தமோ 27 லட்சத்து 68 ஆயிரம், அதாவது 6 லட்சத்து 85 ஆயிரம் கூடுதல். பதினைந்து ஆண்டு என்றால் தவணை 9,847, மொத்தம் 17 லட்சத்து 73 ஆயிரம்.

என் கதைக்கு வருகிறேன். வட்டி ஏறியபோது தவணையை அப்படியே வைத்ததால் என் 4,834 ரூபாயில் 4,405 ரூபாய் வட்டிக்கே போனது. வட்டி இன்னும் ஒரு சதவீதம் ஏறியிருந்தால் தவணை வட்டிக்கே பற்றாது. பாக்கி குறைவதற்குப் பதில் வளரத் தொடங்கியிருக்கும். அன்றிரவே சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். பழையபடி 204 மாதத்தில் முடிக்க வேண்டுமானால் தவணை 5,507 ஆக வேண்டும். 673 ரூபாய் கூடுதல். 307 மாதம் 4,834 கட்டினால் 14 லட்சத்து 84 ஆயிரம். 204 மாதம் 5,507 கட்டினால் 11 லட்சத்து 23 ஆயிரம். மாதம் 673 ரூபாயில் மூன்று லட்சத்து அறுபதாயிரம் ரூபாய் தொங்கிக்கொண்டிருந்தது! என் மனைவி கேட்டது ஒன்றுதான்: "இத அவங்க ஏன் நம்மகிட்ட கேக்கல?"

மறுநாளே எழுதிக் கொடுத்துத் தவணையைக் கூட்டினேன். பிறகும் வட்டி ஏறியது, இறங்கியது. ஒவ்வொரு முறையும் மீதி மாதங்களைத்தான் முதலில் பார்த்தேன். ஊர் வயலில் என் பங்கை விற்றுப் பெருந்தொகையாக அடைக்கலாம் என்று போனபோது, முன்கூட்டி அடைத்தால் இரண்டு சதவீதம் அபராதம் என்றார்கள். மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு வங்கிகள் அந்த அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012 ஜூனில் உத்தரவிட்டது. அதன் பிறகே அடைத்தேன். அப்பா ஒன்பது ஆண்டு காத்திருந்து திருப்பிய அதே வயல். விற்ற அன்று சுசீந்திரத்தில் பஸ் ஏறும்போது இருந்த மனநிலையை இங்கே எழுதப்போவதில்லை.

இந்தச் சங்கதி என்னோடு முடிந்துவிடவில்லை. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து ஆறரைக்கு உயர்த்தியது. 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருந்ததால் ஏற்றம் உடனே கடன்காரர் தலையில் இறங்கியது. பலருக்குத் தவணை மாறாமல் ஆண்டுகள் நீண்டன. 2023 ஆகஸ்டில் வந்த உத்தரவுப்படி, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சமா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாற வழி வேண்டும் என்ற கட்டாயமும் 2025 வரை இருந்தது. எப்போது வேண்டுமானாலும் முன்கூட்டி அடைக்க வழி வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை, அசலுக்கும் வட்டிக்கும் இதுவரை போனது எவ்வளவு, மீதித் தவணைகள் எத்தனை என்று கணக்குத் தர வேண்டும். என் மனைவி கேட்ட கேள்விக்குப் பதினாறு ஆண்டு கழித்து வந்த பதில் என்று இதைச் சொல்லலாம். 2025இல் ரெப்போ பலமுறை குறைந்தது. குறையும்போதும் கேளுங்கள், தவணையைக் குறைக்காமல் பழையபடி கட்டி, காலத்தைக் குறைத்துக்கொள்வதே லாபம்.

கையில் சிறிது மிஞ்சினால் முதல் ஆண்டுகளிலேயே கட்டுவதில்தான் பலன். மேற்சொன்ன 10 லட்சம், இருபது ஆண்டுக் கடனில் தொடக்கம் முதலே மாதம் 1,000 கூடக் கட்டினால் 187 மாதத்தில் முடியும். 2 லட்சத்து 78 ஆயிரம் மிஞ்சும். பதினெட்டாம் ஆண்டில் கட்டினால் பெரிதாக ஒன்றும் இல்லை.

இதர செலவுகளும் உண்டு. கேரளத்தில் ஆதாரப் பதிவுக்கு முத்திரைத் தீர்வை 8 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், இது கைப்பணம். கடனோடு சேர்த்துத் தலையில் கட்டும் ஒற்றைப் பிரீமிய இன்சூரன்ஸ் வேறு. இன்சூரன்ஸ் வேண்டாதது என்று சொல்லமாட்டேன். ஆனால் 50,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே ஏற்றினால் இருபது ஆண்டில் அது 1 லட்சத்து 4 ஆயிரம் ஆகிறது. தனியாகக் கட்டிவிடுங்கள். 2024 அக்டோபர் முதல், கட்டணங்கள் எல்லாம் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டியைக் காட்டும் முக்கிய விவரத் தாளைக் கடன் கொடுப்பவர் தந்தாக வேண்டும். கையெழுத்துக்கு முன் அதை வீட்டுக்குக் கொண்டுவந்து படியுங்கள்.

வருமான வரிச் சலுகை கிடைக்குமே என்பார்கள். பழைய முறையில் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. 2023-24 முதல் இயல்பாகிவிட்ட புதிய முறையில் அது கிடையாது.

மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் கணக்கு ஒருதலையாகிவிடும். கொடுக்கும் மொத்தம் அத்தனையும் நஷ்டம் அல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால் இருபது ஆண்டு கழித்துக் கட்டும் ஒரு ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 38 காசுதான். வாடகை மிச்சம். வீட்டுக்காரர் எப்போது காலி செய்யச் சொல்வாரோ என்ற பயம் இல்லை; ஊர் விட்டு வந்து பிழைக்கும் குடும்பத்துக்கு அது சின்ன விஷயம் அல்ல. 1977இல் எச்.டி.எஃப்.சி. தொடங்குவதற்கு முன் சம்பளக்காரர்களில் பெரும்பாலோர் ஓய்வுபெறும்போது வரும் பணத்தில்தான் வீடு கட்டினார்கள். பிள்ளைகள் அந்த வீட்டில் வளரவில்லை. நான் கடன் வாங்கியதற்கு வருந்தவில்லை. 307ஐப் பார்க்காமல் கடிதத்தை மடித்து வைத்த அந்த மாதங்களுக்குத்தான் வருத்தம்.

கடைசித் தவணை 2017இல் போனது. ஆதாரமும் முன்னாதாரமும் கைக்கு வர நாலு மாதம் அலைந்தேன். 2023 டிசம்பர் முதல், கடன் தீர்ந்து முப்பது நாளுக்குள் மூல ஆவணங்களைத் திருப்ப வேண்டும். கொடுத்தவர் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் கடன்காரருக்குத் தர வேண்டும்.

மருமகன் அடுத்த ஞாயிற்றுக்கிழமை மறுபடி வந்தான். கையில் ஒரு தாள். இருபது ஆண்டு என்றால் தவணை 34,713; மாதம் 3,956 கூடுதல்; மொத்தத்தில் 27 லட்சத்து 41 ஆயிரம் குறைவு. "மாமா, அம்பத்துநாலு வயசுல முடிஞ்சிரும். ஆனா இந்த நாலாயிரத்த எங்கேருந்து எடுக்க?" என்றான். நானும் அவனும் அவன் மனைவியும் உட்கார்ந்து வீட்டுச் செலவை ஒவ்வொன்றாக எழுதினோம். 2,600 வரை தேறியது. கார் தவணை இன்னும் பதினான்கு மாதத்தில் முடிகிறதாம். அதுவரை இருபத்தைந்து ஆண்டுக் கணக்கில் கட்டிக்கொண்டு, பிறகு தவணையைக் கூட்ட முடியுமா என்று திங்கட்கிழமை வங்கியில் கேட்பதாகச் சொல்லிப் போயிருக்கிறான்.