இணையவழித் திரைப்பட வெளியீடும் பார்வையாளர் வழக்க மாற்றமும்: கம்மாபுரம் வழக்கும் ‘ஜெய் பீம்’ திரைப்படமும்

முன்னுரை

திரைப்படத்தைப் பார்க்கும் இடமும் கருவியும் மாறும்போது, அதனைப் பொருள்கொள்ளும் முறையும் மாறுகிறது. கடலூர் மாவட்டம் விருத்தாசலத்தை அடுத்த கம்மாபுரம் காவல்நிலையத்தோடு தொடர்புடைய வழக்கொன்று, 28 ஆண்டுகளுக்குப் பின் ‘ஜெய் பீம்’ என்னும் திரைப்படமாகி இணையத்தின் வழியாக மட்டும் வெளியானது. அதனை முன்வைத்து இம்மாற்றத்தின் இயல்புகளை இக்கட்டுரை விளக்குகிறது.

வழக்கும் ஊடக வளர்ச்சியும்

1993 மார்ச்சில் முதனை என்னும் ஊரைச் சேர்ந்த குறவர் சமூகத்தவர் ஒருவர், திருட்டுக் குற்றச்சாட்டின்பேரில் கம்மாபுரம் காவல்நிலையத்திற்குக் கொண்டுசெல்லப்பட்டுக் காவலில் கொல்லப்பட்டார். அவருடைய மனைவிக்காக வழக்கறிஞர் கே. சந்துரு சென்னை உயர்நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுவை நடத்தினார். 2006இல் உயர்நீதிமன்றம் காவலர்களைக் குற்றவாளிகள் எனத் தீர்ப்பளித்தது.

இவ்வழக்கின் காலம் தமிழக ஊடக மாற்றத்தின் காலமும் ஆகும். சன் தொலைக்காட்சி 1993 ஏப்ரல் 14 அன்று தொடங்கியது; கொலை நிகழ்ந்தபோது அது இல்லை. தீர்ப்பு வந்த 2006இல் தமிழக அரசின் இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டம் தொடங்கி, எளியோர் இல்லங்களுக்கும் திரையைக் கொண்டுசென்றது. 2016 செப்டம்பரில் ஜியோ சேவை அறிமுகமானபின் கைப்பேசி இணையத்தின் விலை பெரிதும் குறைந்தது. ஊருக்குப் பொதுவாக இருந்த திரை, முதலில் வீட்டுக்கும் பின்னர்த் தனியொருவர் கைக்கும் உரியதாயிற்று.

அரங்கிலிருந்து கைப்பேசிக்கு

பெருந்தொற்றுக் காலத்தில் அரங்குகள் மூடப்பட்டிருந்த நிலையில், ‘பொன்மகள் வந்தாள்’ 2020 மே 29 அன்று அமேசான் பிரைம் தளத்தில் நேரடியாக வெளியானது. த.செ. ஞானவேல் இயக்கத்தில் சூர்யா நடித்த ‘ஜெய் பீம்’ 2021 நவம்பர் 2 அன்று அதே தளத்தில் வெளியானபோது, அரங்குகள் மீண்டும் திறக்கப்பட்டிருந்தன. எனவே இணையவெளியீடு நெருக்கடிக்கால மாற்றுவழி என்னும் நிலையைக் கடந்து, ஒரு தெரிவாகவே மாறியிருந்தது எனலாம்.

அரங்கில் காட்சியின் ஓட்டம் பார்வையாளரின் கட்டுப்பாட்டில் இல்லை. கைப்பேசியிலோ அவர் காட்சியை நிறுத்தலாம், மீண்டும் பார்க்கலாம், படமெடுத்துப் பிறருக்கு அனுப்பலாம், அக்கருவியிலேயே வழக்கின் வரலாற்றையும் தேடலாம். படம் வெளியானபின் சந்துருவின் நேர்காணல்கள் யூடியூபில் பெருகின. படத்தில் பாதிக்கப்பட்டோர் இருளராகக் காட்டப்பட்டிருக்க, உண்மையில் அவர்கள் குறவர் என்னும் செய்தி பலரிடம் சென்றுசேர்ந்தது. கலைப்படைப்பும் ஆவணமும் ஒருசேர நுகரப்பட்டன.

நிலையற்ற பிரதி

படத்தின் ஒரு காட்சியில் சுவரில் தொங்கிய நாட்காட்டியில் அக்கினிக் கலசப் படம் இருந்தது. அது வன்னியர் சமூகத்தின் அடையாளம் என்பதால் எதிர்ப்பு எழுந்தது. சில நொடிகளே தோன்றும் பின்புலப் பொருள், நிறுத்திவைத்துப் பார்க்கும் வழக்கத்தால் விவாதத்தின் மையமாயிற்று. சில நாட்களுக்குள் தளத்தில் அப்படம் மாற்றப்பட்டது. இயக்குநரும் அந்த நவம்பரிலேயே வருத்தம் தெரிவித்தார்.

படச்சுருள் காலத்தில் இத்தகைய திருத்தத்திற்கு ஊர்தோறும் சென்ற படிகள் ஒவ்வொன்றையும் வெட்டவேண்டியிருந்திருக்கும். இணையத்தில் மூலக்கோப்பை மாற்றினால் போதும். இதனால் குறைகளை விரைந்து களைய முடிகிறது. ஆயின் இன்று படம் பார்ப்பவர், சர்ச்சைக்கு உள்ளான வடிவத்தைப் பார்ப்பதில்லை. ஏட்டுச்சுவடிகளில் பாடவேறுபாடு காணும் தமிழ் ஆய்வுமரபுக்கு இச்சிக்கல் புதிதன்று. எனினும் சுவடியில் பழைய பாடம் எஞ்சியிருக்கும், இணையத்தளத்தில் புதிய வடிவமே எஞ்சுகிறது.

முடிவுரை

நாட்காட்டிப் படத்தைச் சில நாட்களில் மாற்ற முடிந்தது. கதைமாந்தரின் சமூகம் கதையோடு பிணைந்தது. அதனை அவ்வாறு மாற்ற இயலாது. ஆகவே கொல்லப்பட்டவரின் சமூகம் குறித்த உண்மை, படத்திற்கு வெளியே தீர்ப்புகளிலும் நேர்காணல்களிலும் தங்குகிறது. இணையவழித் திரைப்படங்களை ஆராய்வோர் தாம் பார்த்த நாளையும் வடிவத்தையும் பதிவுசெய்வதோடு, அப்படங்களைச் சூழ்ந்த உரைகளையும் ஆய்வெல்லைக்குள் கொள்ளுதல் வேண்டும். அவ்வாறன்றிப் படத்தை மட்டும் சான்றாகக் கொண்டால், கம்மாபுரத்தில் நிகழ்ந்தது யாருக்கு என்பதே ஆய்வில் மறைந்துபோகும்.