அரிசி அட்டை யாருக்கு உண்டு? மறுத்தால் எங்கே கேட்பது?

தமிழ்நாட்டில் குடும்ப அட்டைக்குத் தகுதி இல்லாமல் போவது அரிது. தகுதி இருந்தும் அட்டை கிடைக்காமலும், அட்டை இருந்தும் அரிசி கிடைக்காமலும் போவது அரிதல்ல. பெற்றோர் அட்டையிலிருந்து பெயரை நீக்காததால் புதுத் தம்பதியின் விண்ணப்பம் திரும்புகிறது. வீடு பூட்டியிருந்த நாளில் ஆய்வாளர் வந்துபோனதால் இன்னொன்று நிராகரிக்கப்படுகிறது. கைரேகை பதியவில்லை என்று ஒரு மூதாட்டி வெறும் பையோடு வீடு திரும்புகிறார். இவர்களில் பெரும்பாலோர் 'நம் தலையெழுத்து' என்று விட்டுவிடுகிறார்கள். அப்படி விட வேண்டியதில்லை. எந்தப் படியில் மறுக்கப்பட்டாலும், கேட்டுப் பெறுவதற்கான வழி சட்டத்திலேயே இருக்கிறது.

சலுகை அல்ல, சட்டம்

2001இல் ராஜஸ்தானில் மக்கள் வறட்சியில் பட்டினி கிடந்தபோது, இந்திய உணவுக் கழகத்தின் கிடங்குகளில் தானியம் மலைபோல் குவிந்து கிடந்தது. இதை எதிர்த்து மக்கள் சிவில் உரிமைக் கழகம் உச்ச நீதிமன்றத்தில் தொடுத்த வழக்குதான் உணவை உரிமையாகப் பேச வைத்தது. அதன்பின் 2013இல் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது. தமிழ்நாட்டில் 2016 நவம்பர் 1 முதல் அது நடைமுறையில் இருக்கிறது.

அந்தச் சட்டப்படி தமிழ்நாட்டில் சுமார் 3.64 கோடிப் பேருக்குத்தான் மத்திய அரசு தானியம் ஒதுக்குகிறது. ஆனால் 'அனைவருக்கும் பொது விநியோகம்' என்ற கொள்கையை மாநில அரசு கைவிடவில்லை. சட்ட வரம்புக்குள் வராத குடும்பங்களுக்கும் மாநிலம் தன் செலவில் அரிசி தருகிறது. 2011 ஜூன் 1 முதல் அந்த அரிசிக்கு விலையும் கிடையாது.

அட்டையில் உள்ள குறியீட்டைப் பாருங்கள்

2017 ஏப்ரல் முதல் வழங்கப்படும் ஸ்மார்ட் கார்டில் ஆங்கில எழுத்துகளில் ஒரு குறியீடு இருக்கும். பலரும் அதைக் கவனிப்பதே இல்லை. உங்கள் குடும்பத்துக்கு என்ன கிடைக்கும் என்பதை அதுதான் தீர்மானிக்கிறது.

'பிஎச்எச்' என்பது முன்னுரிமைக் குடும்பம். சட்டப்படி இவர்களுக்கு ஆளுக்கு மாதம் 5 கிலோ தானியம் உண்டு. 'பிஎச்எச்-ஏஏஒய்' என்பது அந்தியோதயா அட்டை. நிலமற்ற கூலித் தொழிலாளர், ஆதரவற்ற விதவைகள், மாற்றுத்திறனாளிகள், கவனிக்க ஆளில்லாத முதியோர் என ஏழைகளிலும் ஏழைகளுக்கானது இது. குடும்பத்தில் எத்தனை பேர் இருந்தாலும் மாதம் 35 கிலோ அரிசி. 'என்பிஎச்எச்' என்பது முன்னுரிமை அல்லாத குடும்பம். இவர்களுக்கும் அரிசி உள்பட எல்லாப் பொருள்களும் உண்டு. 'என்பிஎச்எச்-எஸ்' சர்க்கரை அட்டை. இதில் அரிசி கிடையாது. 'என்பிஎச்எச்-என்சி' எந்தப் பொருளும் வேண்டாதவர்களுக்கான அட்டை.

2017 ஜூலையில் வெளியான அரசிதழ் அறிவிக்கை ஒன்று பெரும் பதற்றத்தைக் கிளப்பியது. வருமான வரி கட்டுவோர், 5 ஏக்கருக்கு மேல் நிலம் உள்ளோர், சொந்த உபயோகத்துக்குக் கார் வைத்திருப்போர், வீட்டில் ஏசி உள்ளோர், ஆண்டுக்கு 1 லட்சம் ரூபாய்க்கு மேல் வருமானம் உள்ளோர் முன்னுரிமைப் பட்டியலில் சேர மாட்டார்கள் என்றது அது. அரிசியே நின்றுவிடும் என்று மக்கள் அஞ்சினார்கள். அந்த வரம்புகள் முன்னுரிமைக் குடும்பங்களைப் பிரித்தறிவதற்கு மட்டுமே. எல்லாருக்கும் அரிசி தொடரும் என்று அரசு விளக்கியது. ஆகவே ஏசி இருக்கிறது, கார் இருக்கிறது என்று யாராவது உங்கள் அரிசி அட்டையையே மறுத்தால் அது தவறு. எதிர்ப்பக்கமும் உண்டு. கூலி வேலையில் பிழைக்கும் குடும்பம் 'என்பிஎச்எச்' பட்டியலில் இருந்தால், முன்னுரிமைக்கு மாற்றக் கோரி வட்ட வழங்கல் அலுவலரிடம் மனு கொடுங்கள்.

விண்ணப்பிக்கும் முறை

நிபந்தனைகள் எளியவை. நீங்கள் தமிழ்நாட்டில் வசிக்க வேண்டும். தனியாகச் சமைத்துச் சாப்பிடும் குடும்பமாக இருக்க வேண்டும். குடும்பத்தில் எவர் பெயரும் வேறு எந்தக் குடும்ப அட்டையிலும் இருக்கக் கூடாது. புதிதாக மணமானவர்கள் இடறுவது இந்த மூன்றாவது நிபந்தனையில்தான். மணமகன், மணமகள் இருவரின் பெயரும் அவரவர் பெற்றோர் அட்டையிலிருந்து நீங்கிய பிறகே புது அட்டைக்கு விண்ணப்பிக்க வேண்டும். ஒருவர் பெயர் நீங்கி மற்றவர் பெயர் நிற்குமானால் விண்ணப்பம் நகராது.

தமிழ்நாடு பொது விநியோகத் திட்டத்தின் டிஎன்பிடிஎஸ் இணையதளத்தில் நீங்களே விண்ணப்பிக்கலாம். முடியாதவர்கள் இ-சேவை மையத்துக்குப் போகலாம். குடும்பத்தலைவரின் புகைப்படம், எல்லா உறுப்பினர்களின் ஆதார், முகவரிச் சான்று, சமையல் எரிவாயு இணைப்பு இருந்தால் அதன் விவரம் ஆகியவை தேவை. மின் கட்டண ரசீது, சொத்து வரி ரசீது, வாடகை ஒப்பந்தம், வங்கிப் பாஸ்புக்கின் முதல் பக்கம், எரிவாயு ரசீது போன்றவற்றில் ஒன்று முகவரிச் சான்றாகப் போதும். 'அரிசி அட்டை' என்ற தெரிவைச் சரியாகக் குறித்திருக்கிறீர்களா என்று சமர்ப்பிக்கும் முன் பாருங்கள். மையத்தில் அவசரமாகச் சர்க்கரை அட்டையைக் குறித்துவிட்டால், பிறகு மாற்றுவதற்கு அலைய வேண்டியிருக்கும்.

குடும்பத்தலைவர் யார் என்பதையும் சட்டமே சொல்கிறது. உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி, வீட்டில் 18 வயது நிறைந்த பெண்களில் மூத்தவரே அட்டைக்குக் குடும்பத்தலைவி. கணவன் கைவிட்டுப் போனாலும் அட்டை பெண்ணிடமே இருக்க வேண்டும் என்பதற்கான பாதுகாப்பு இது. மகளிர் உரிமைத்தொகை போன்ற திட்டங்கள் குடும்ப அட்டையை வைத்தே குடும்பத்தைக் கணக்கிடுவதால், இந்தப் பாதுகாப்பின் மதிப்பு அரிசியோடு நின்றுவிடுவதில்லை.

கள ஆய்வில் கவனம்

விண்ணப்பித்ததும் ஒரு குறிப்பு எண் வரும். அதை எழுதி வையுங்கள். விண்ணப்பம் எந்த நிலையில் இருக்கிறது என்பதை அதை வைத்துத்தான் பார்க்க முடியும். அடுத்தது கள ஆய்வு. ஆய்வுக்கு வருபவர் முதலில் பார்ப்பது அடுப்பை. மாமனார் வீட்டு மாடியில் குடியிருக்கும் தம்பதி தனியாகச் சமைக்கிறார்களா, தனி அடுப்பும் பாத்திரங்களும் இருக்கின்றனவா, எரிவாயு இணைப்பு யார் பெயரில் என்று கேட்பார். தனி வாசல் வேண்டும், தனி வீடு வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. சமையல் தனியாக நடந்தால் போதும். இருவரும் வேலைக்குப் போகிறவர்கள் என்றால் வட்ட வழங்கல் அலுவலகத்தில் சொல்லி வையுங்கள், அக்கம்பக்கத்தாரிடமும் கைபேசி எண்ணைக் கொடுத்து வையுங்கள். கதவு பூட்டியிருந்ததாலேயே எத்தனையோ விண்ணப்பங்கள் தள்ளப்படுகின்றன.

நிராகரித்தால் காரணத்தைக் கேளுங்கள். குறையைச் சரிசெய்து மீண்டும் விண்ணப்பிக்கலாம். ஒருமுறை நிராகரித்ததால் உரிமை போய்விடாது. ஆய்வுக்கோ அட்டை அச்சிடவோ யாராவது பணம் கேட்டால் கொடுக்காதீர்கள். லஞ்ச ஒழிப்பு மற்றும் கண்காணிப்பு இயக்ககத்தில் புகார் செய்யலாம்.

கைரேகை பதியாதபோது

பண்ருட்டிப் பக்கம் முந்திரிக்கொட்டை உடைக்கும் பெண்களின் விரல்களைப் பாருங்கள். கொட்டையின் ஓட்டில் இருக்கும் எண்ணெய் தோலை அரித்து, விரல் நுனியில் ரேகையே இல்லாமல் வழவழவென்று ஆக்கியிருக்கும். கல் உடைப்போர், உப்பளத்தில் வேலை செய்வோர், வயதில் மூத்தோர் பலருக்கும் இதே நிலைதான். கடையில் எந்திரத்தின் மேல் விரலை வைத்து, துடைத்து, மறுபடி வைத்து, வேறு விரலை வைத்துப் பார்ப்பார்கள். பின்னால் வரிசை முணுமுணுக்கும். கடைசியில் 'நாளைக்கு வாங்கம்மா' என்று அனுப்பிவிடுவார்கள். மறுநாள் போனால் ஒரு நாள் கூலி போகும்.

இப்படித் திருப்பி அனுப்ப விதியில் இடமில்லை. அட்டையில் பெயர் உள்ள வேறு எவரும் ரேகை வைக்கலாம். கண் கருவிழி பதியும் கருவி உள்ள கடைகளில் அதைக் கேட்கலாம். கடைக்கே வர முடியாத முதியோரும் மாற்றுத்திறனாளிகளும் வேறொருவரை அனுப்ப அங்கீகாரப் படிவம் இருக்கிறது. பூர்த்தி செய்து கொடுத்தால் அவர் வாங்கி வரலாம். அவர்களுக்கு வீட்டுக்கே பொருள் கொண்டுவரும் தாயுமானவர் திட்டமும் 2025 ஆகஸ்டில் தொடங்கியது.

இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்ல வேண்டும்? 2017 செப்டம்பரில் ஜார்க்கண்டின் சிம்டேகா மாவட்டத்தில் 11 வயதுச் சிறுமி ஒருத்தி இறந்தாள். ஆதாரோடு இணைக்கவில்லை என்று அந்தக் குடும்பத்தின் அட்டை ரத்தாகியிருந்தது. மகள் பட்டினியால்தான் இறந்தாள் என்றார் தாய். மலேரியா என்றது நிர்வாகம். அடுத்த மாதமே, ஆதார் இல்லை என்றோ ரேகை பதியவில்லை என்றோ உண்மையான பயனாளி எவருக்கும் தானியத்தை மறுக்கக் கூடாது என்று மத்திய அரசு எல்லா மாநிலங்களுக்கும் சுற்றறிக்கை அனுப்பியது. அந்த அறிவுறுத்தல் உங்களுக்கும் பொருந்தும்.

முன்னுரிமை, அந்தியோதயா அட்டைகளில் உள்ள ஒவ்வொருவரும் கைரேகை வைத்து 'இ-கேஒய்சி' எனும் ஆதார்வழி அடையாளச் சரிபார்ப்பை முடிக்க வேண்டும். அதை ரேஷன் கடையிலேயே கட்டணமின்றிச் செய்வார்கள். 'கார்டு ரத்தாகப் போகிறது, இந்த லிங்க்கை அழுத்துங்கள்' என்று கைபேசியில் வரும் செய்திகளை நம்பி ஓடிபியைச் சொல்லிவிடாதீர்கள்.

வெளியூரில் இருந்தாலும் அரிசி உண்டு

2020 அக்டோபர் 1 முதல் தமிழ்நாட்டில் 'ஒரே நாடு ஒரே ரேஷன்' நடைமுறையில் இருக்கிறது. திருநெல்வேலி அட்டையை வைத்துத் திருப்பூரில் வாங்கலாம். முகவரி மாற்றும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. முன்னுரிமை, அந்தியோதயா அட்டை உள்ளவர்கள் பெங்களூருவிலோ கொச்சியிலோ வேலை செய்தாலும் அங்கேயே தானியம் பெறலாம். 'என்பிஎச்எச்' அட்டைக்கு மாநில எல்லையைத் தாண்டி இந்த வசதி கிடையாது. குறியீட்டைக் கவனிக்கச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம். பிகார், ஒடிசாவிலிருந்து இங்கே வந்து உழைக்கும் தொழிலாளர்களுக்கும் இதே உரிமை உண்டு. எல்லா மாநிலங்களும் 2021 ஜூலை 31க்குள் இதைச் செயல்படுத்த வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே உத்தரவிட்டது. உங்கள் பட்டறையிலோ கட்டட வேலையிலோ அப்படி யாராவது இருந்தால் சொல்லிக் கொடுங்கள்.

கடையில் நடக்கும் தவறுகள்

வாங்காத பொருளுக்குப் பில் போடுவது இன்றும் நடக்கிறது. அட்டையோடு இணைத்த கைபேசி எண்ணுக்குக் குறுஞ்செய்தி வரும். பருப்பு தீர்ந்துவிட்டது என்று சொன்ன அன்றே பருப்புக்கும் சேர்த்துப் பில் வந்தால் அந்தச் செய்தியை அழிக்காதீர்கள். அதுதான் உங்கள் சாட்சி. எண் மாறியிருந்தால் உடனே புதுப்பியுங்கள். டீத்தூள், சோப்பு, உப்பு வாங்கினால்தான் அரிசி என்று வற்புறுத்தவும் கடைக்காரருக்கு அதிகாரமில்லை. எடை குறைந்தால் அங்கேயே மறுபடி நிறுக்கச் சொல்லுங்கள்.

அட்டையை அடகு வைப்பதும், அரிசியை வாங்கி இடைத்தரகரிடம் விற்பதும் நம் பக்கத்துத் தவறுகள். ரேஷன் அரிசிக் கடத்தல் அத்தியாவசியப் பொருள்கள் சட்டம், 1955இன்படி குற்றம். அரிசி வேண்டாதவர்கள் சர்க்கரை அட்டைக்கு மாறிக்கொள்வதே முறை.

படிப்படியாகக் கேளுங்கள்

முதல் படி 1967 அல்லது 1800 425 5901 என்ற கட்டணமில்லா எண்கள். அடுத்தது வட்ட வழங்கல் அலுவலர். சென்னையில் மண்டல உதவி ஆணையர். மாதந்தோறும் இரண்டாவது சனிக்கிழமை வட்ட அளவில் பொது விநியோகத் திட்டக் குறைதீர் முகாம் நடக்கிறது. பெயர் சேர்த்தல், நீக்கல், முகவரி மாற்றம், கைபேசி எண் மாற்றம் எல்லாவற்றுக்கும் அங்கே மனு கொடுக்கலாம். வாயால் சொல்லிவிட்டு வராதீர்கள். எழுதிக் கொடுத்து, நகலில் தேதியோடு ஒப்புகை வாங்குங்கள்.

பதில் இல்லையென்றால் திங்கள்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் ஆட்சியரிடம் கொடுங்கள். உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி மாவட்டக் குறைதீர் அலுவலர் இருக்கிறார். அவருடைய முடிவில் திருப்தி இல்லையெனில் மாநில உணவு ஆணையத்திடம் மேல்முறையீடு செய்யலாம். குறைதீர் அலுவலர் பரிந்துரைத்த நிவாரணத்தைத் தராத அரசு ஊழியருக்கு 33ஆம் பிரிவுப்படி 5,000 ரூபாய் வரை அபராதம் விதிக்க அந்த ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. சட்டப்படி உரிய தானியம் வழங்கப்படாவிட்டால் 8ஆம் பிரிவுப்படி உணவுப் பாதுகாப்புப் படியைப் பணமாகக் கோரலாம். விண்ணப்பம் என்ன ஆயிற்று என்றே தெரியவில்லையா? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேளுங்கள். 30 நாள்களுக்குள் பதில் தர வேண்டும்.

இன்று வீட்டுக்குப் போனதும் அட்டையை எடுத்துப் பாருங்கள். குறியீடு சரியா, எல்லார் பெயரும் இருக்கிறதா, கைபேசி எண் உங்களுடையதா? பிறகு பக்கத்து வீட்டில் தனியாக இருக்கும் பாட்டியின் அட்டையையும் பாருங்கள். படிக்கத் தெரியாதவருக்கு ஒரு மனு எழுதிக் கொடுங்கள். அரசு தரும் அரிசி யாருடைய தயவும் அல்ல. கேட்பவர் கெஞ்ச வேண்டியதும் இல்லை.